வெள்ளையும் ஒரு திரை
வடலூரின் நிற மறுப்பு பற்றிச் சில சிந்தனைகள்

வலப்பனையில் மழைக்காலம் தொடங்கிவிட்டால் எங்கள் பாடசாலைப் பிள்ளைகளுக்குப் பெரும் தொல்லை. வெள்ளைச் சீருடையுடன் லயத்திலிருந்து புறப்படுவார்கள். தேயிலை மலையின் குறுக்குப் பாதையில் இறங்கி வந்து சேரும்போது முழங்கால் வரை செம்மண் ஏறியிருக்கும். காலைக் கூட்டத்தில் ஆசிரியர்கள் நாங்கள் சீருடையைப் பற்றிப் பேசுவோம். ஏழை, பணக்காரன் என்ற வேறுபாடு தெரியாதிருக்கவே எல்லோருக்கும் வெள்ளை என்போம். பேசுவது எளிது. துவைக்கிற தாய்க்குத்தான் அதன் கஷ்டம் தெரியும்.

விஞ்ஞான ஆசிரியர் அரியத்தை வைத்து வெள்ளொளியை ஏழு நிறமாகப் பிரித்துக் காட்டிய கிழமை அது. ஒன்பதாம் தரத்துப் பிள்ளை ஒருத்தி என்னிடம் கேட்டாள்: “சேர், வெள்ளைக்குள்ள எல்லா நிறமும் இருக்கென்றா, நாங்க உடுத்திருக்கிறது நிறமில்லாத உடுப்பா, எல்லா நிறமும் உள்ள உடுப்பா?”

நான் வரலாறு படிப்பிக்கிறவன். பதில் சொல்லாமல் பாடத்தைத் தொடர்ந்தேன். ஆனால் கேள்வி என்னை விடவில்லை. ஆசிரியர் கலாசாலையில் பயிற்சி பெற்ற நாட்களில் நூலகத்தில் படித்த வடலூர் வரலாறு நினைவுக்கு வந்தது. இற்றைக்குச் சுமார் நூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன்னர் தமிழகத்தின் அந்தச் சிற்றூரில் இதே கேள்வியைத் துணியாலும் விளக்காலும் எழுப்பிய ஒருவர் இருந்தார். அவரைப் பற்றி நம் வாசகர்களோடு பகிர்ந்து கொள்ளவே இக்கட்டுரை.

நிறம் பூண்ட துறவு

உலகைத் துறந்தவர்கள் நிறத்தையும் துறந்திருப்பார்கள் என்று நாம் எண்ணக்கூடும். வரலாறு வேறுவிதமாக இருக்கிறது. பெரும்பாலான துறவு மரபுகள் பழைய நிறத்தை விட்டுப் புதிய நிறம் ஒன்றைப் பூண்டிருக்கின்றன. சைவ மடங்கள் காவியை ஏற்றன. பௌத்த துறவியின் சீவரத்தை எமது நாட்டில் சிறு பிள்ளையும் தூரத்திலிருந்தே அடையாளம் காணும். சமணத்தின் இரு பெரும் பிரிவுகளுக்கும் உடையே பெயராயிற்று. வெள்ளை உடுத்தியோர் சுவேதாம்பரர். திசைகளையே ஆடையாகக் கொண்டோர் திகம்பரர்.

நமது சூஃபிகளும் இதற்கு விலக்கல்லர். கம்பளியைக் குறிக்கும் ‘சூஃப்’ என்ற சொல்லிலிருந்தே சூஃபி என்ற பெயர் வந்தது என்பது பரவலான விளக்கம். சாயமேற்றாத முரட்டுக் கம்பளி எளிமையின் அடையாளமாக இருந்தது. ஆனால் பதினோராம் நூற்றாண்டில் ஹுஜ்வீரி ‘கஷ்ஃபுல் மஹ்ஜூப்’ எழுதிய காலத்தில் நீல அங்கியும் ஒட்டுப்போட்ட அங்கியும் சூஃபிகளின் சின்னமாகிவிட்டிருந்தன. உள்ளே ஒன்றுமின்றி அங்கியை மட்டும் அணிந்து திரிவோரை அந்நூலிலேயே அவர் கண்டிக்கிறார். அந்த நூலின் பெயருக்குத் திரையிட்டதைத் திறந்து காட்டுதல் என்பது பொருள். இந்தப் பெயரை வாசகர்கள் மனதில் வைத்திருக்க வேண்டும். வடலூரிலும் திரைதான் விடயம்.

வெள்ளைத் துணி உடுத்தியவர்

இராமலிங்க அடிகள் 1823ஆம் ஆண்டு ஒக்டோபர் 5ஆம் திகதி சிதம்பரத்துக்கு அண்மையிலுள்ள மருதூரில் பிறந்தார். கைக்குழந்தையாக இருந்தபோதே தந்தையை இழந்தார். சென்னையில் தமையனின் பராமரிப்பில் வளர்ந்தார். முறையாகப் பள்ளிக்கூடம் போய்ப் படித்தவரல்லர். 1858ஆம் ஆண்டளவில் சென்னையை விட்டுத் தெற்கே வந்து, வடலூருக்கு அண்மையிலுள்ள கருங்குழியில் தங்கினார். 1865இல் சமரச வேத சன்மார்க்க சங்கத்தை நிறுவினார். 1867ஆம் ஆண்டு மே 23ஆம் திகதி வடலூரில் சத்திய தருமசாலை திறக்கப்பட்டது. பசியோடு வருவோர்க்கெல்லாம் சோறிடும் இடம் அது. அன்று மூட்டிய அடுப்பு இன்றுவரை அணையவில்லை என்பது வடலூர் மரபு.

அவர் காவி உடுக்கவில்லை. தலையையும் உடலையும் மூடிய வெள்ளைத் துணிதான் அவருடைய உடை. இது தற்செயலானதன்று. அவருடைய உபதேசங்களைக் கேட்டு எழுதிவைத்தோரின் குறிப்புகளில் இதற்கு ஒரு விளக்கம் உண்டு. காவி போருக்கான அடையாளம். தன்னோடு தானே போரிட்டுக் கொண்டிருப்பவன் அதை அணிகிறான். போர் முடிந்த பின்னர் அது தேவையில்லை, வெள்ளை போதும் என்பது அதன் சாரம். துறவியைக் கண்டதும் காலில் விழுந்த ஒரு சமூகத்தில், துறவின் நிறத்தையே களைந்துவிட்டுச் சாதாரணக் குடியானவனின் வெள்ளை வேட்டியோடு நிற்பது சிறிய காரியமல்ல. நிறம் தந்த மரியாதையையும் சேர்த்தே அவர் களைந்தார்.

அவரைப் புகைப்படம் எடுக்கப் பலமுறை முயன்றும் வெள்ளாடை மட்டுமே படத்தில் விழுந்தது, உருவம் விழவில்லை என்று ஒரு கதை வழங்குகிறது. கதை கதையாகவே இருக்கட்டும். அவரைப் பற்றி மக்கள் மனதில் பதிந்தது அந்தத் துணிதான் என்பதை அது காட்டுகிறது.

ஏழு திரைகள்

1872ஆம் ஆண்டு தைப்பூசத்தன்று, ஜனவரி 25ஆம் திகதி, வடலூரில் சத்திய ஞானசபை தொடங்கியது. எண்கோண வடிவான கட்டடம். உள்ளே விக்கிரகம் இல்லை. ஒரு விளக்கு, அதன் முன்னே கண்ணாடி, கண்ணாடிக்கு முன்னே ஏழு திரைகள். கறுப்பு, நீலம், பச்சை, சிவப்பு, பொன்னிறம், வெள்ளை என ஆறு. ஏழாவது கலப்பு நிறம். ஒவ்வொன்றும் ஒரு சக்தியைக் குறிக்கும். கறுப்பு மாயாசக்தி, நீலம் கிரியாசக்தி, பச்சை பராசக்தி, சிவப்பு இச்சாசக்தி, பொன்னிறம் ஞானசக்தி, வெள்ளை ஆதிசக்தி, கலப்பு சிற்சக்தி. மாதப் பூசங்களில் ஆறு திரைகளை நீக்குவார்கள். ஆண்டுக்கு ஒருமுறை தைப்பூசத்தில் ஏழும் நீக்கப்பட்டு விளக்கு முழுமையாகக் காட்டப்படும். அதே 1872இல் அவர் இயற்றிய அருட்பெருஞ்ஜோதி அகவலும், 1596 அடிகளில், இந்தத் திரைகளையும் ஜோதியையும் பாடுகிறது.

அந்த மாணவியின் கேள்விக்கு இங்கே ஒரு பதில் கிடைக்கிறது. வாழ்நாள் முழுதும் வெள்ளை உடுத்திய ஒருவர், தாம் கட்டிய சபையில் வெள்ளையையும் ஒரு திரையாகவே தொங்கவிட்டிருக்கிறார். அது கடைசித் திரையும் அன்று, ஆறாவதுதான். கறுப்பை விலக்குவது போலவே வெள்ளையையும் விலக்க வேண்டும். ஞானத்துக்குரிய பொன்னிறமும் மறைப்புத்தான். எல்லாம் கலந்த நிறமும் மறைப்புத்தான். நியூட்டன் 1704இல் வெளியிட்ட ஒளியியல் நூலில் வெள்ளொளிக்குள் எல்லா நிறங்களும் அடங்கியிருப்பதை நிறுவினார். அந்த நூலை வடலூர் அறிந்திருக்க வேண்டிய அவசியமில்லை. வெள்ளை என்பது நிறமின்மை ஆகாது என்பதை மட்டும் அது தன் வழியில் கண்டிருக்கிறது.

திருக்குர்ஆனில் ஒளி பற்றிய வசனத்தை ஓதியவர்களுக்கு, மாடத்துக்குள் விளக்கு, விளக்கைச் சூழ்ந்த கண்ணாடி என்ற உவமை உடனே நினைவுக்கு வரும். இமாம் கஸ்ஸாலி (ரஹ்) ‘மிஷ்காத்துல் அன்வார்’ என்ற நூலை அந்த வசனத்துக்கும், இறைவனை மறைக்கும் ஒளித்திரைகள், இருள்திரைகள் பற்றிய நபிமொழிக்கும் விளக்கமாக எழுதினார். 1111இல் மறைந்த அவர் மனிதரை மூன்று வகையாகப் பிரிக்கிறார்: வெறும் இருளால் மறைக்கப்பட்டோர், இருளும் ஒளியும் கலந்த திரையால் மறைக்கப்பட்டோர், வெறும் ஒளியாலேயே மறைக்கப்பட்டோர். மூன்றாவது வகையினரே நம் கவனத்துக்குரியவர்கள். ஒளியும் மறைக்கும் என்கிறார் இமாம். வெள்ளையும் மறைக்கும் என்கிறது வடலூர். ஒன்றிலிருந்து மற்றொன்று பிறந்தது என்று நான் வாதிட வரவில்லை. அதற்குச் சான்று வேண்டும். இரண்டு மரபுகள் ஒரே எச்சரிக்கையைத் தந்திருக்கின்றன என்பதே போதுமானது.

இங்கே ஓர் ஐயம் எழலாம். மனிதரின் மொழிகளும் நிறங்களும் வேறுபட்டிருப்பதை இறைவனின் அத்தாட்சிகளில் ஒன்றாகக் கூறுகிறது திருக்குர்ஆன். அப்படியிருக்க நிறத்தை மறுக்கும் ஒரு மார்க்கத்தை நாம் எப்படிப் பார்ப்பது? வடலூர் தன் திரைகளைக் கிழிக்கவில்லை, எரிக்கவில்லை என்பதை அவதானிக்க வேண்டும். திரையை நீக்கிக் காட்டுகிறார்கள், பின்னர் மூடுகிறார்கள். நிறம் இருக்கலாம். அதையே விளக்கு என்று நினைத்துக் கும்பிடுவதுதான் பிழை. வெள்ளையருக்குக் கறுப்பரைவிட மேன்மையில்லை, இறையச்சத்தாலன்றி, என்று இறுதிப் பேருரையில் நபிகளார் (ஸல்) சொன்னபோதும் நிறங்களை இல்லை என்று சொல்லவில்லை. அவற்றின் அதிகாரத்தையே இல்லாமலாக்கினார்கள்.

எதிர்த்தவரும் காத்தவரும்

இந்த வரலாற்றில் எமது நாட்டுக்கும் பங்குண்டு. அடிகளின் பாடல்கள் 1867இல் ‘திருவருட்பா’ என்ற பெயரில் அச்சேறியபோது மிகக் கடுமையாக எதிர்த்தவர் யாழ்ப்பாணம் நல்லூர் ஆறுமுக நாவலர். திருமுறைகளுக்குரிய மதிப்பை வாழும் ஒருவரின் பாடல்களுக்குத் தருவதை அவரால் ஏற்க முடியவில்லை. கண்டன நூல்கள் வெளிவந்தன. பூசல் மஞ்சக்குப்பம் நீதிமன்றம் வரை சென்றது. அருட்பா, மருட்பா என்று அது பெயர் பெற்றது.

அடிகள் 1874ஆம் ஆண்டு ஜனவரி 30ஆம் திகதி மேட்டுக்குப்பத்தில் ஓர் அறைக்குள் சென்று கதவை மூடிக்கொண்டார்; பின்னர் அவரை எவரும் காணவில்லை. நாவலர் 1879இல் காலமானார். பூசல் மட்டும் ஓயவில்லை. அடுத்த தலைமுறையில் யாழ்ப்பாணத்துக் கதிரைவேற்பிள்ளை மருட்பாக் கட்சிக்குத் தலைமை தாங்கினார். அருட்பாவுக்காக மேடையேறி வாதிட்டவர்களில் ஒருவர் ஒரு முஸ்லிம்: கோட்டாற்றுச் சதாவதானி செய்குத்தம்பிப் பாவலர்.

அடிகள் மறைந்த அதே 1874இல், ஜூலை மாதம், பாவலர் பிறந்தார். சீறாப்புராணப் பதிப்புப் பணிக்காகச் சென்னைக்கு வந்தவர். 1907ஆம் ஆண்டு மார்ச் 10ஆம் திகதி சென்னை விக்ரோரியா மண்டபத்தில் நூறு விடயங்களை ஒரே நேரத்தில் அவதானித்து விடையளித்துச் சதாவதானி என்ற பட்டத்தைப் பெற்றார். சீறாவைக் கற்ற அதே நாவால் அருட்பாவையும் காத்தார். சைவர்களுக்கிடையிலான சண்டையில் உமக்கென்ன வேலை என்று அவரைக் கேட்டவர்கள் இருந்திருக்கலாம். நல்ல தமிழுக்கும் நல்ல கருத்துக்கும் வழக்காடுவது தன் வேலை என்றே அவர் எண்ணியிருக்க வேண்டும். நம் எழுத்தாளர்கள் பாவலரைச் சதாவதானியாக நினைவுகூருகிறோம். அவருடைய இந்தப் பக்கத்தை அவ்வளவாகப் பேசுவதில்லை.

கட்டாயப்படுத்தப்பட்ட வெள்ளை

வெள்ளையை ஒருவர் விரும்பி எடுத்துக்கொள்வது ஒன்று. அதை அவர்மீது போர்த்திவிடுவது இன்னொன்று. தமிழ்ச் சமூகத்தில் கணவனை இழந்த பெண்ணிடமிருந்து தாலி, பூ, பொட்டு, நிறச்சேலை எல்லாவற்றையும் ஒரே நாளில் பறித்துவிட்டு வெள்ளைச் சேலையைக் கையில் கொடுத்தார்கள். அவள் துறவு கேட்கவில்லை. அடிகள் 1871இல் சன்மார்க்க அன்பர்களுக்கு விடுத்த அறிவிப்பில், கணவன் இறந்தால் மனைவியின் தாலியை வாங்க வேண்டாம் என்று கூறினார். தாமே வெள்ளை உடுத்தியவர், அந்த வெள்ளையை ஒரு பெண்மீது திணிக்க உடன்படவில்லை. அவருடைய நிற மறுப்பின் நேர்மையை நான் இங்கேதான் காண்கிறேன்.

நாமும் நம் வீட்டைப் பார்க்க வேண்டும். இத்தாக் காலத்தில் அலங்காரத்தைத் தவிர்க்கும்படியே மார்க்கம் சொல்கிறது. வெள்ளைச் சேலைதான் உடுக்க வேண்டும் என்று அது விதிக்கவில்லை. ஆனாலும் எமது ஊர்களில் மௌத்து வீட்டுக்கு ஜனாஸாவுக்கான கபன் துணி வரும் அன்றே விதவைக்கான வெள்ளையையும் வாங்கி வருகிறவர்கள் இருக்கிறார்கள். இதை வழக்கம் என்று ஏற்றுக்கொள்ளலாம். மார்க்கம் என்று சொல்லக் கூடாது.

அதே அறிவிப்பில் அடிகள் இன்னொன்றையும் வற்புறுத்தினார். இறந்தவர்களை எரிக்க வேண்டாம், அடக்கம் செய்யுங்கள் என்றார். இறந்தோர் மீண்டும் எழுப்பப்படுவர் என்ற நம்பிக்கை அதற்குப் பின்னால் இருந்தது. எரிப்பதே வழக்கமாக இருந்த ஒரு சமூகத்தில் எழுந்த குரல் அது.

இதைப் படிக்கிற இலங்கை முஸ்லிம் எவருக்கும் 2020ஆம் ஆண்டு நினைவுக்கு வராமல் இராது. கொவிட் தொற்றினால் இறந்தோர் அனைவரையும் எரிக்க வேண்டும் என்று அரசாங்கம் கட்டாயப்படுத்தியது. அடக்கம் செய்யலாம் என்று உலக சுகாதார நிறுவனம் கூறியிருந்தும் கேட்கப்படவில்லை. அவ்வாண்டு டிசம்பரில், பிறந்து இருபது நாட்களேயான ஒரு குழந்தையின் உடலும் எரிக்கப்பட்டது. அதன் பின்னர் மக்கள் பொரளை மயானத்தின் வேலியில் வெள்ளைத் துணித் துண்டுகளைக் கட்டினார்கள். கபனிட முடியாமற்போன பிள்ளைக்கான துணி அது. கட்டியவர்களில் முஸ்லிம்கள் மட்டுமல்ல, சிங்களவரும் தமிழரும் இருந்தார்கள். இரவோடிரவாகத் துணிகள் அகற்றப்பட்டன. வேறிடங்களிலும் வீட்டு வாசல்களிலும் மீண்டும் கட்டப்பட்டன. 2021 பெப்ரவரியில் அடக்கம் செய்ய அனுமதி வந்தது. மார்ச்சில் ஓட்டமாவடியில் அடக்கங்கள் தொடங்கின. கட்டாய எரிப்புக்காக மன்னிப்புக் கோர 2024 ஜூலையில் அமைச்சரவை தீர்மானித்தது.

அந்த வேலியில் கட்டிய துணிக்கு எந்தக் கட்சியின் நிறமும் இருக்கவில்லை. அதனாலேயே எல்லா இனத்தவரும் அதைக் கையிலெடுத்தார்கள். வெள்ளை திரையாகாமல் இருந்த நாட்கள் அவை.

எட்டாவது திரை

நிறத்தை மறுத்த இயக்கங்களுக்கு ஒரு சோதனை எப்போதும் உண்டு. மறுப்பே அடையாளமாகிவிடும். 1873ஆம் ஆண்டு ஒக்டோபர் 22ஆம் திகதி மேட்டுக்குப்பத்தில் அடிகள் தாமே சன்மார்க்கக் கொடியை ஏற்றினார். கீழே வெள்ளை, மேலே மஞ்சள். மனித உடலினுள்ளே உள்ள ஒரு நாடியின் நிறங்கள் அவை என்று விளக்கம் தந்தார். அதே நாளில் ஆற்றிய பேருபதேசத்தில் சாதி, சமய ஆசாரங்களில் பற்று வைக்க வேண்டாம் என்றும் கூறினார். சமயங்களைக் கடந்த சங்கத்துக்கும் ஒரு கொடி தேவைப்பட்டது. கொடிக்கு நிறம் தேவைப்பட்டது. இன்று சன்மார்க்கிகளை அவர்களின் வெள்ளுடையே ஊருக்கு அடையாளம் காட்டுகிறது. 2023இல் அடிகளின் இருநூறாவது ஆண்டு விழாக்களின்போது அவர் சனாதனத்துக்கு உரியவரா, அதற்கு எதிரானவரா என்று தமிழக அரசியல் மேடைகளில் பெரும் விவாதம் நடந்தது. ஏழு நிறத்தையும் நீக்கிக் காட்டியவருக்கு ஏதாவதொரு நிறத்தைப் பூசிவிட ஆளுக்காள் முயன்றார்கள்.

என்னையும் இதில் சேர்த்தே சொல்ல வேண்டும். ஞானசபைக்குள் நுழைய ஒரு நிபந்தனை உண்டு. கொலையையும் புலால் உண்பதையும் விட்டவர்களுக்கே அனுமதி. நான் வடலூருக்குப் போனால் வெளியில்தான் நிற்க வேண்டும். அடிகளின் சொற்களில் நான் ‘அகவினத்தார்’ அல்லன், ‘புறவினத்தார்’. முதன்முறை இதைப் படித்தபோது மனம் சற்று வாடியது. சாதியை, சமயத்தை, நிறத்தை எல்லாம் நீக்கிய இடத்தில் உணவால் ஒரு திரை தொங்குகிறதே, இது எட்டாவது திரையல்லவா என்று தோன்றியது. உயிர் வதையைக் கண்டு பதைத்த ஒருவரின் மனதிலிருந்து வந்த விதி அது என்பதை நான் அறிவேன். எனினும் வெளியில் நிற்பவனுக்கு அது திரைதான்.

ஆனால் அடிகளே இன்னொரு வாசலையும் திறந்து வைத்திருந்தார். புறவினத்தாருக்கு வேறு எதுவும் இல்லாவிட்டாலும் பசியை நீக்கியே ஆக வேண்டும் என்றார். ஞானசபைக்கு நிபந்தனை இருக்கிறது. தருமசாலைச் சோற்றுக்கு இல்லை. தருமசாலை 1867இல் திறந்தது. ஞானசபை வந்தது ஐந்து ஆண்டுகள் கழித்துத்தான். அடுப்பு முதலில், விளக்கு பிறகு. இந்த வரிசையை நான் முக்கியமாகக் கருதுகிறேன்.

அதே 1867இல்தான் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரவில் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்டார். கோப்பிக் காலத்திலேயே தமிழகத்திலிருந்து நடந்து வந்தவர்கள் இந்த மலைகளில் இருந்தார்கள். 1876 முதல் 1878 வரை தென்னிந்தியாவை வாட்டிய பெரும் பஞ்சத்தில் இன்னும் ஏராளமானோர் வந்து சேர்ந்தார்கள். வடலூர் அடுப்பு எந்தப் பசிக்காக மூட்டப்பட்டதோ, அந்தப் பசிதான் எமது பிள்ளைகளின் முப்பாட்டன்மாரையும் இங்கே கொண்டுவந்தது. அதே எழுபதுகளின் பிற்பகுதியில் யாழ்ப்பாணத்தில் பஞ்சம் வந்தபோது, அருட்பாவை எதிர்த்த ஆறுமுக நாவலரும் கஞ்சித்தொட்டி வைத்து ஏழைகளுக்குக் கஞ்சி வார்த்தார். ஏட்டில் மோதிக்கொண்ட இருவரும் அடுப்படியில் ஒரே வேலையைச் செய்திருக்கிறார்கள்.

அந்த மாணவிக்கு நான் இன்னும் பதில் சொல்லவில்லை. அடுத்த தவணையில் சொல்வேன். நீ உடுத்திருப்பது எல்லா நிறமும் உள்ள உடுப்புத்தான், மகள். அது வெள்ளையாக இருப்பதால் மட்டும் நாம் எல்லோரும் ஒன்றாகிவிடமாட்டோம். மழை நாளில் செம்மண் பட்டு வரும் பிள்ளையைக் காலைக் கூட்டத்தில் முன்னால் நிறுத்தி ஏசுகிற ஆசிரியனுக்கும் அந்த வெள்ளை ஒரு திரைதான். நானும் அப்படி ஏசியிருக்கிறேன். இனி, அந்தப் பிள்ளை காலையில் சாப்பிட்டு வந்ததா என்றுதான் முதலில் கேட்பேன்.